தசைநோயை அறியும் சோதனைகள்

(நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



தமிழ் கற்பிக்கும் தொழிலுடைய யாம் மருத்துவப் பொருளைப் பற்றிப் பேச வந்தது சிலர்க்கு வியப்பாய் இருத்தல் கூடும். யாம் மருத்துவர் அல்லேம். ஆயினும் எம் அறியாமையால் ஒரு சிறுவனுக்குத் தீங்கு இழைத்தோம். அத்தீங்கின் கடனைத் தீர்க்கும் வழியாகவே, பின்னர் யாம் படித்தும் வல்லாரைக் கேட்டும் தெளிந்தவற்றை நும்முன் வைக்கத் துணிந்தோம்.

சில ஆண்டுகளுக்கு முன் எம்மிடம் ஆறாம் வகுப்பிற் பயின்றான் ஒரு சிறுவன். ஆசிரியர் வகுப்பினுள் நுழையுங்கால் மாணாக்கர் எழுந்து நிற்றல் மரபன்றோ? யாம் நுழைந்து, அனைவரும் எழுந்து, மீண்டும் அமர்ந்த பின்னரே அவன் எழுவான். முதலில் பலகையைப் பற்றுவான்; பின்னர் முழங்காலின் மேற் கையை ஊன்றுவான்; அதன்பின் தொடையின் மேல் ஊன்றித் தன் உடம்பின் மீது தானே ஏறுவான் போல நிமிர்வான். மாடிப்படியிற் பலமுறை விழுந்தான். அவனுடைய கெண்டைக்கால்களோ பிற சிறுவர் கால்களினும் பருத்துத் திரண்டிருந்தன. அவற்றைக் கண்டு, "இத்துணை வலிய கால் உடையவன் எழுதற்கு ஏன் சோம்புகின்றாய்?" என்று பலர் நடுவே கடிந்தோம். அவன் மறுமொழி கூறாது நின்றான். அந்நிற்றலை யாம் இன்றும் மறந்திலோம்.

யாம் சோம்பல் என்று கருதியது ஒரு நோயின் அடையாளம். இருந்து எழுவோர் தம் தொடையிற் கையூன்றி எழும் அம்முறையை ஆங்கில மருத்துவர் வில்லியம் கௌவர்ஸ் 1879ஆம் ஆண்டிலேயே விளக்கி எழுதினார். இன்றும் மருத்துவர் அதனை அவர் பெயராலேயே வழங்குகின்றனர். கெண்டைக்கால் பருத்தலோ வலிமையால் அன்று. தசை தேயத் தேய அவ்விடத்தைக் கொழுப்பும் நாரும் நிரப்புதலே அதற்குப் பெரிதும் காரணம். இந்நோய் குடும்பத்திற் சிறுவர்களையே தொடர்ந்து பற்றுதலை எட்வர்டு மெரியன் என்னும் ஆங்கிலேயர் 1850களின் தொடக்கத்திற் கண்டு கூறினார். பிரெஞ்சு மருத்துவர் டுஷென் 1860களில் விரிவாக ஆராய்ந்தார். அதனால் டுஷென் தசைச்சிதைவு நோய் என்பது அதன் பெயராயிற்று. பிறக்கும் ஆண்மக்களுள் ஏறக்குறைய 3,500 முதல் 5,000 பேர்க்கு ஒருவர் என்னும் அளவில் இது தோன்றுகின்றது. மூன்று நான்கு வயதில் ஓடவும் படியேறவும் இடர்ப்படும் குழந்தை, தக்க சிகிச்சை பெறாவிடின், பன்னிரண்டு வயதளவில் நடைதிறனை இழக்கின்றது. பின்னர் மூச்சுத் தசைகளும் இதயமும் தளர்கின்றன.

அச்சிறுவனுக்கு நோய் இன்னதென்று தெரிந்தபோது வயது பதினொன்று. குறிகள் தோன்றியதோ நான்காம் வயதில். இடையே கழிந்த ஏழாண்டும் எங்ஙனம் கழிந்தன? அதனை அறிதற்கு முதற் சோதனையின் இயல்பை நாம் அறிதல் வேண்டும்.

முதற் சோதனை குருதிச் சோதனை. நம் தசைநார்களின் உள்ளே கிரியேட்டின் கைனேஸ் என்றொரு நொதி உண்டு, ஆய்வுக்கூடத்தார் சி.கே. என்றும் சி.பி.கே. என்றும் கூறுவது அதனையே. தசை சுருங்கி விரியும்போது ஆற்றலை விரைந்து வழங்குதல் அதன் தொழில். தசை நலமுற்றிருக்குங்கால் அது பெரும்பாலும் உள்ளேயே தங்கும். குருதியிற் சிறிதளவே காணப்படும். நெல் மூட்டை கிழிந்தால் நெல் வழியெங்கும் சிந்தும். சிந்திய நெல்லைக் கண்டே மூட்டை கிழிந்ததை அறிகின்றோம். அங்ஙனமே குருதியில் இந்நொதி மிக்கிருத்தலைக் கண்டு தசைநார் சிதைதலை அறியலாம். தசைச்சிதைவு நோயாளரின் குருதியில் இது மிகுதலை 1959ஆம் ஆண்டில் ஜப்பானிய அறிஞர் எபாஷியும் அவர்தம் குழுவினரும் வெளியிட்டனர்.

நலமுடையோர்க்கு இதன் அளவு பெரும்பாலும் லிட்டருக்கு 200 அலகின் அளவில் அடங்கும். ஆய்வுக்கூடந்தோறும் எல்லை சிறிது வேறுபடும். டுஷென் நோயுடைய சிறுவர்க்கோ அது பதின்மடங்கு முதல் நூறு மடங்கு வரை உயரும். பதினாயிரத்தைக் கடத்தலும் இயல்பு. இச்சோதனைக்குப் பெருஞ்செலவில்லை, பட்டினி கிடத்தலும் வேண்டுவதின்று. கையில் ஊசியிட்டுச் சிறிது குருதி எடுத்தலோடு முடிந்தது.

ஆயினும் இதன்கண் அறியத்தக்க நுட்பங்கள் சில உள. கடுமையாக உழைத்தவர்க்கும், ஓடியாடிக் களைத்தவர்க்கும், தசையில் ஊசிமருந்து போட்டுக்கொண்டவர்க்கும், விழுந்து அடிபட்டவர்க்கும் இவ்வளவு சில நாள் உயர்ந்து நிற்றல் உண்டு. ஆதலின் சற்றே உயர்ந்த எண்ணைக் கண்டு அஞ்சுதல் கூடாது. சில நாள் ஓய்ந்திருந்து மீண்டும் பார்த்தல் வேண்டும். நோய் முற்றியவர்க்கு எண் தாழ்ந்து வருதலும் உண்டு. மூட்டையில் நெல் ஒழிந்தபின் சிந்துதற்கு என்ன இருக்கும்? எனவே எண் குறைதலை நோய் குறைதலாகக் கொண்டு மகிழ்தலும் பிழையாகும்.

இனி, அச்சிறுவனின் ஏழாண்டுக்கு வருவோம். நான்காம் வயதில் அவனுக்குக் காய்ச்சல் கண்டபோது ஒரு மருத்துவமனையிற் குருதி சோதித்தனர். எஸ்.ஜி.ஓ.டி., எஸ்.ஜி.பி.டி. என்னும் இரண்டும் மிக உயர்ந்திருந்தன. இவை கல்லீரற் சோதனை என்றே யாவராலும் வழங்கப்படுபவை. ஆதலின் கல்லீரல் கெட்டதென்று முடிவு செய்தனர். பத்தியம் இட்டனர், வீட்டார் கீழாநெல்லி அரைத்துக் கொடுத்தனர், ஊர் ஊராய்ச் சென்று காமாலைக்கு மருந்துண்டனர். எண்கள் இறங்கவே இல்லை. இறங்காமைக்குக் காரணம் யாது? அவ்விரு நொதிகளும் கல்லீரலில் மட்டும் இருப்பன அல்ல; தசையிலும் உள்ளன. இரண்டு வீட்டிற்கும் பொதுவான பண்டம் தெருவிற் கிடந்தால், எவ்வீட்டினின்று வந்தது என்று இரு வீட்டையும் அன்றோ பார்த்தல் வேண்டும்? கல்லீரலுக்குரிய ஜி.ஜி.டி. என்னும் நொதியோ தசையினின்று வருவதில்லை. அது செவ்வனே இருந்து, கண்ணில் மஞ்சளும் இன்றி, இவ்விரண்டு மட்டும் உயர்ந்திருப்பின், சி.கே. பார்க்க வேண்டும் என்பது மருத்துவ நூல்களின் கூற்று. அவ்வொரு சோதனை ஏழாண்டு செய்யப்படாமலே இருந்தது. பின்னர் ஒரு மருத்துவர் அவன் தரையினின்று எழுவதை ஒருமுறை கண்டார்; அன்றே சி.கே. பார்க்கச் சொன்னார். விடை சில ஆயிரங்களில் வந்தது.

இரண்டாவது சோதனை மின்னாற் செய்வது. தோலின் மீது சிறு மின்னதிர்ச்சி தந்து நரம்பு எத்துணை விரைவிற் செய்தியைக் கடத்துகின்றது என்று அளப்பது ஒன்று. மெல்லிய ஊசியைத் தசையுட் செலுத்தி அதன் மின்னோட்டத்தைக் கேட்பது மற்றொன்று, இதற்கு ஈ.எம்.ஜி. என்று பெயர். தளர்ச்சிக்குக் காரணம் தசையா, அதனை ஏவும் நரம்பா என்று பிரித்தறிதற்கு இது துணை செய்யும். தசையே நோயுற்றிருப்பின் அதன் மின்னலைகள் குறுகியும் சிறுத்தும் தோன்றும். நரம்பு நெடுநாள் நோயுற்றிருப்பின் அவை பருத்தும் நீண்டும் தோன்றும். ஒன்று நினைவில் வைத்தல் நலம். ஊசி குத்துதலாலும் சி.கே. சிறிது உயரும், ஆதலின் குருதியை முன்னர் எடுத்துப் பின்னரே இதனைச் செய்தல் முறை. டுஷென் நோயின் குறிகள் தெளிவாயிருந்து சி.கே.யும் மிக உயர்ந்திருப்பின், சிறுவரை இவ்வூசிக்கு உட்படுத்தாமலே மரபணுச் சோதனைக்குச் செல்லலாம் என்பது இக்காலத்தார் முடிபு.

மூன்றாவது அம்மரபணுச் சோதனையே. 1986, 1987ஆம் ஆண்டுகளில் அமெரிக்க நாட்டில் லூயி குங்கெல், எரிக் ஹாஃப்மன் முதலானோர் இந்நோய்க்குரிய மரபணுவையும், அது ஆக்கும் டிஸ்ட்ரோபின் என்னும் புரதத்தையும் கண்டறிந்தனர். தசைநாரின் மேலுறை ஒவ்வொரு சுருக்கத்திலும் கிழியாதவாறு உள்ளிருந்து தாங்குவது அப்புரதம். அஃது இல்லையேல் உறை கிழியும். முன்கூறிய நெல் சிந்தும். அம்மரபணு மனிதனிடத்துள்ள மிகப் பெரிய மரபணுக்களுள் ஒன்று. 79 பகுதிகளை உடையது. நோயாளருள் ஏறக்குறைய மூன்றில் இரு பங்கினர்க்கு அப்பகுதிகளுள் ஒன்றோ பலவோ அற்றுப்போயிருக்கும், சிலர்க்கு இரட்டித்திருக்கும். இவ்விரண்டையும் எம்.எல்.பி.ஏ. என்னும் சோதனை காட்டும். எஞ்சியோர்க்கு ஓரெழுத்துப் பிழை போன்ற சிறு மாற்றம் இருக்கும். அதற்கு மரபணுவை எழுத்தெழுத்தாய்ப் படித்தல் வேண்டும். எனவே எம்.எல்.பி.ஏ.யில் ஒன்றும் காணாமையால் நோய் இல்லை என்று எண்ணி வீடு திரும்புதல் தவறு. அடுத்த சோதனைக்குச் செல்லுதல் வேண்டும்.

நான்காவது தசைத்துணுக்கு எடுத்துச் சோதித்தல், பயாப்ஸி என்பர். உயிரோடிருப்போர் தசையினின்று துணுக்கு எடுத்தற்கென ஓர் ஊசிக் கருவியை டுஷென் தாமே அமைத்தார். நெடுங்காலம் இதுவே முடிவான சோதனையாய் விளங்கியது. இன்று மரபணுச் சோதனை விடை தராதவிடத்தும், வேறு தசைநோய் ஐயுறப்படுமிடத்தும் தேவையாகின்றது. தொடையினின்றோ மேற்கையினின்றோ, பெரும்பாலும் அவ்விடத்தை மட்டும் மரக்கச் செய்து, சிறு துணுக்கு எடுப்பர். அதனை மிகு குளிரில் உறைவித்து, மெல்லிய தாளினும் மெலிதாய் அரிந்து, சாயம் ஏற்றி நுண்ணோக்கியிற் காண்பர். டிஸ்ட்ரோபின் உள்ளதோ இல்லையோ என்பது அதிற் புலனாகும். ஈ.எம்.ஜி. ஊசி குத்திய தசையினின்று துணுக்கு எடுத்தலாகாது. ஊசியின் புண்ணே நோய் போலத் தோன்றி மயக்கும்.

இனி மற்றொரு செய்தி. தசை தளர்ந்தார் யாவரும் டுஷென் நோயினர் அல்லர். தசைத்தளர்ச்சி எல்லாம் தீராதனவும் அல்ல. தைராய்டு சுரப்புக் குறைந்தாலும் தசை தளரும், சி.கே. உயரும், அதற்கு மாத்திரை உண்டு. வைட்டமின் டி மிகக் குறைந்தாலும் இருந்து எழுதல் அரிதாகும், அதுவும் தீர்வதே. கொழுப்பைக் குறைக்கும் ஸ்டாட்டின் மருந்துகள் சிலர்க்குத் தசைநோவு தருதல் உண்டு. டெர்மட்டோமயோசைட்டிஸ் என்பது உடலின் காவற்படை தன் தசையையும் தோலையும் தானே தாக்கும் நோய். கண்ணிமையிற் செந்நீலப் படலமும் விரற்கணுக்களின் மேற் சிவந்த தடிப்பும் அதன் குறிகள். சி.கே.யும், அந்நோய்க்குரிய எதிர்ப்பொருட் சோதனைகளும், தசையின் எம்.ஆர்.ஐ. படமும் அதனை அறியத் துணை செய்யும். காலத்தே மருந்து தொடங்கினாற் பெரும்பாலோர் நலம் பெறுவர். ஆகவே, "எல்லாம் ஊழ், சோதித்து என் பயன்?" என்போர், தீரத்தக்க நோயையும் தீராநோயாக்குகின்றனர்.

தீராநோய் என்று தெரிந்தவிடத்தும் பயன் உண்டோ எனின், உண்டு. டுஷென் நோயை முற்றும் நீக்கும் மருந்து இன்னும் தோன்றவில்லை என்பது மெய். ஆயினும் ஸ்டீராய்டு மருந்தை நடைதிறன் இருக்கும்போதே மருத்துவர் மேற்பார்வையில் தொடங்கினால் நடக்கும் காலம் நீளுகின்றது; முதுகெலும்பு வளைதல் குறைகின்றது. இதயத்தை ஆண்டுதோறும் எக்கோ முதலியவற்றாற் பார்த்து, தளர்ச்சி மிகுமுன்னரே மருந்து தருதல் இயலும். மயக்கமருந்து கொடுக்க நேரின், நோயின் பெயரை முன்கூட்டியே சொல்லுதல் உயிர்காக்கும். சக்சினைல்கோலின் என்னும் மருந்தும், மணத்து மயக்கும் சில ஆவிகளும் இச்சிறுவர்க்குக் கேடு விளைப்பன. மரபணுவின் எப்பகுதி அற்றது என்று தெரிந்தாலன்றிப் புதிய மருந்துகள் பொருந்துமா என்பதும் தெரியாது. 2016ஆம் ஆண்டில் அமெரிக்காவில் அனுமதி பெற்ற எடெப்லிர்சென் என்னும் மருந்து, 51ஆம் பகுதியைத் தாண்டச் செய்வதாற் பயன்பெறத்தக்க சிலர்க்கே உரியது. மேலும், 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளர் உரிமைச் சட்டம் தசைச்சிதைவு நோயைப் பெயர் சொல்லியே ஏற்றுள்ளது. சான்றிதழ் பெறுதற்கும், தேர்வில் எழுதுதுணை பெறுதற்கும் நோயின் பெயர் வேண்டும்.

தாய்மார்களே! இனிக் கூறப்போவது நுமக்கும், நும்மினும் மிகுதியாக நும் மாமியார்க்கும் கணவர்க்கும் உரியது. இந்நோயின் மரபணு எக்ஸ் என்னும் நிறப்புரியில் உள்ளது. பெண்ணுக்கு எக்ஸ் இரண்டு; ஒன்று பழுதாயினும் மற்றொன்று பெரும்பாலும் காக்கும். ஆணுக்கு ஒன்றே. ஆகவே நலமுடன் விளங்கும் தாயொருத்தி தான் அறியாமலே பழுதைத் தாங்கியிருத்தல் கூடும். அத்தகையாள் பெறும் ஒவ்வோர் ஆண்மகவுக்கும் நோய் வர இரண்டில் ஒரு பங்கு வாய்ப்பு. ஒவ்வொரு பெண்மகவும் பழுதைத் தாங்க அங்ஙனமே. ஆனால் நோயுற்ற சிறுவருள் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர்க்குத் தாயினிடம் பழுதே இல்லை. அவர்பால் அது புதிதாய்த் தோன்றியது. தாயின் சி.கே. இயல்பாய் இருத்தலைக் கொண்டு அவள் தாங்குபவள் அல்லள் என்று துணிதல் இயலாது; மரபணுச் சோதனையே அதனைக் காட்டும். தாங்குபவள் என்று தெரிந்தால் அவள் தன் இதயத்தையும் பார்த்துக்கொள்ளுதல் நன்று. தாங்குதல் குற்றம் அன்று. தன் கண்ணின் நிறத்தைத் தேர்ந்துகொண்டு பிறந்தார் எவர்?

அச்சிறுவனின் தாய் ஏழாண்டு பழிச்சொற் கேட்டாள். அவள் தங்கைக்கு வந்த வரன்கள், "அக்குடும்பத்தில் நோய் உண்டு" என்னும் பேச்சால் ஒவ்வொன்றாய் விலகின. சோதித்தபோது தாய் தாங்குபவள் என்றே வந்தது. தங்கையும் சோதித்துக்கொண்டாள்; அவளிடம் அப்பழுது இல்லை. ஊர்ப்பேச்சு ஏழாண்டு அறியாததை ஒரு குழாய்க் குருதி அறிவித்தது. ஒருவேளை அவளிடமும் இருந்திருப்பின்? அப்போதும் வழி உண்டு. குடும்பத்துப் பழுது இன்னதென்று முன்னரே தெரிந்திருப்பின், கருவுற்ற 11ஆம் வாரமளவிற் சோதித்தறிதல் இயலும். 1994ஆம் ஆண்டின் சட்டம் குழவியின் பாலைத் தெரிவித்தலைத் தடுக்கின்றது. ஆயினும் பால்வழிப் பரவும் மரபுநோயைக் காணுதற்பொருட்டுப் பதிவுபெற்ற இடங்களிற் சோதித்தலை ஏற்கின்றது.

மற்றொன்றும் மறையாது கூறுதல் எம் கடமை. டுஷென் நோய் உறவுமணத்தால் வருவதன்று. ஆனால் இடுப்பும் தோளும் தளரும் வேறு பல தசைநோய்கள், தாய் தந்தை இருவரும் ஒரே மரபணுவிற் பழுதைத் தாங்கியிருந்தால் வருவன. அவர் மக்களுள் ஒவ்வொருவர்க்கும் நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு உண்டு. அக்காள் மகள், மாமன் மகள், அத்தை மகள் என்று கொள்ளுங்கால் இருவரும் ஒரே பழுதைத் தாங்குதல் எளிதாகின்றது. நம்மைப் போற் குறுகிய வட்டத்துட் பெண் கொண்டும் கொடுத்தும் வரும் குலத்தார் இதனைச் சிந்தித்தல் வேண்டும். சாதகம் பார்த்தற்குச் செலவிடும் நேரத்திற் சிறிது, இரு குடும்பத்து நோய் வரலாற்றைப் பார்த்தற்கும் செலவிடுவோமாக.

திருக்குறளில் மருந்து என்னும் அதிகாரத்தில் ஒரு மருந்தின் பெயரும் இல்லை. நோயாளி, மருத்துவர், மருந்து என்னும் மூன்றோடு உடனிருந்து பேணுவோனையும் நான்காவதாக வள்ளுவர் சேர்த்தெண்ணினார். நம் சங்கம் அந்நான்காமிடத்தில் நிற்றல் தகும். யாம் வேண்டுவன மூன்று. பதினெட்டு மாதம் கடந்தும் நடவாத குழந்தையையும், அடிக்கடி விழும் சிறுவனையும், கையூன்றி எழுவானையும் கண்டால், காலம் தாழ்த்தாது சி.கே. பார்க்குமாறு அக்குடும்பத்தார்க்குச் சொல்லுங்கள். மரபணுச் சோதனைக்கும், வேலூர்க் கிறித்தவ மருத்துவக் கல்லூரி, பெங்களூரு நிம்ஹான்ஸ் போன்ற இடங்கட்குச் சென்று வருதற்கும் பொருளில்லாதார்க்குச் சங்க நிதியில் ஒரு பகுதி ஒதுக்குங்கள். நோயுற்ற வீட்டைப் பற்றித் திண்ணையிற் பேசுதலை விட்டு, அவ்வீட்டின் படியேறிச் சென்று பேசுங்கள்.

அச்சிறுவன் இன்று சக்கர நாற்காலியில் இருந்து மேல்வகுப்பிற் பயில்கின்றான். யாம் அவன் வகுப்பினுட் செல்லுங்கால் அனைவரும் எழுகின்றனர். அவன் இருந்தவாறே கை கூப்புகின்றான். அவனிடம் யாம் மன்னிப்புக் கேட்டதுண்டு. "பரவாயில்லை ஐயா, தங்களுக்குத் தெரியாதே" என்றான். தெரியாமையே குற்றம் என்று உணர்ந்தமையால் இத்துணையும் நும்மிடம் சொன்னோம். இனி நுமக்கும் தெரியும்.